கடிகாரத்தை விசாரித்த மன்றங்கள்: நேரத் திரிபு வழக்குகளும் சட்ட நேரத்தின் உருவாக்கமும் (1844–1948)

ஆய்வுச் சுருக்கம்

பத்தொன்பதாம் நூற்றாண்டில் இங்கிலாந்தின் நீதிமன்றங்கள் கடிகார நேரத்தை அமைக்கும் உரிமை யாருக்கு, யாருடைய கடிகாரம் சான்றாகும் என்னும் வினாக்களை எதிர்கொண்டன. ஆலை முதலாளிகள் வேலை நேரத்தைக் கூறுபோட்ட முறை பற்றிய ரைடர் எதிர் மில்ஸ் (1850), ஊர் நேரமும் கிரீன்விச் நேரமும் மோதிய கர்ட்டிஸ் எதிர் மார்ச் (1858) ஆகிய இரு வழக்குகளும் ஒரே மன்றமாகிய எக்ஸ்செக்கர் நீதிமன்றத்தில் தீர்க்கப்பட்டவை. தொழிலாளர் வரலாற்றிலும் நேரச் சீராக்க வரலாற்றிலும் தனித்தனியே பேசப்படும் இவ்விரண்டையும் இணைத்து வாசிக்கும் இக்கட்டுரை, சட்ட நேரம் என்பது வானியல் கணக்கைவிடச் சான்றளிக்கும் உரிமை பற்றிய பூசலாலேயே பெரிதும் வடிவம் பெற்றது என நிறுவ முயல்கிறது. பம்பாயில் எழுந்த இதே வகைப் பூசல் ஏன் மன்றத்தை எட்டவில்லை என்பதும் ஆராயப்படுகிறது.

திறவுச்சொற்கள்: சட்ட நேரம், ஊர் நேரம், ஆலைக் கடிகாரம், எக்ஸ்செக்கர் நீதிமன்றம், தொழிற்சாலைச் சட்டங்கள், மதராஸ் நேரம், பம்பாய் நேரம்

1. முன்னுரை

காலத்தை முன்னும் பின்னும் நகர்த்துவோரை விசாரித்துத் தண்டிக்கும் மன்றங்களை அறிவியல் புனைகதைகள் படைத்துக்காட்டுகின்றன. அத்தகைய கதைகளில் குற்றம் வியப்புக்குரியது; குற்றவாளி அரிய ஆற்றல் உடையவன். வரலாற்றில் நேரத்தைத் திரித்தவர்களுக்கு அத்தகைய ஆற்றல் எதுவும் தேவைப்படவில்லை. சுவரில் மாட்டிய கடிகாரத்தின் முள்ளைத் தொடும் உரிமை இருந்தால் போதுமானதாக இருந்தது. அவ்வுரிமை யாருக்கு உண்டு என்பதைப் பற்றிய வழக்குகள் உண்மையிலேயே நடந்தன, தீர்ப்புகளும் வழங்கப்பட்டன.

இவ்வழக்குகள் குறித்த ஆய்வுகள் இரு தனிப் போக்குகளாக அமைந்துள்ளன. இ. பி. தாம்சன் 1967இல் வெளியிட்ட, வேலை ஒழுங்கும் நேரமும் பற்றிய கட்டுரையின் வழிவந்தவை ஆலைக்குள் நிகழ்ந்த நேரப் போராட்டத்தை ஆராய்கின்றன. இருப்புப்பாதையும் தந்தியும் கொண்டுவந்த நேரச் சீராக்கத்தை ஆராய்பவை மற்றொரு வகை. முதற்போக்கில் நீதிமன்றம் பின்னணியில் நிற்கிறது; இரண்டாவதில் தொழிலாளர் பெரும்பாலும் காணப்படுவதில்லை. இரண்டையும் ஒருசேர வைத்துப் பார்த்தால், நீதிபதிகள் முன் வந்த வினா ஒன்றே என்பது புலப்படும்: இரண்டு கடிகாரங்கள் மாறுபடும்போது எதை நம்புவது?

2. சட்டமே நகர்த்திய காலம்

நேரத்தை மாற்றியமைப்பது தனியார் மட்டும் செய்த செயலன்று. பிரித்தானிய நாடாளுமன்றம் 1751இல் இயற்றிய நாட்காட்டிச் சட்டத்தின்படி, 1752 செப்டம்பர் 2ஆம் நாளை அடுத்து 14ஆம் நாள் வந்தது. ஏட்டில் 11 நாட்கள் மறைந்தன. ஆயினும் வாடகை, கடன், ஒப்பந்தத் தவணை ஆகியவை பழைய கணக்கில் உரிய இயற்கை நாளிலேயே செலுத்தப்பட வேண்டும் என்று அச்சட்டம் விதித்தது. நாட்காட்டி மாறினாலும் ஒருவர் மற்றவருக்குத் தரவேண்டிய கால அளவு குறையக்கூடாது என்பதில் சட்டம் இயற்றியோர் கருத்தாக இருந்தனர்.

சட்டப் புனைவு எனத்தக்க இன்னொரு வழக்கமும் அந்நாட்டில் நிலவியது. தொடங்கும் நாள் குறிப்பிடப்படாத ஒரு சட்டம், அது நிறைவேறிய கூட்டத்தொடரின் முதல் நாளிலிருந்தே நடைமுறையில் இருந்ததாகக் கொள்ளப்பட்டது. கூட்டத்தொடரின் இறுதியில் குற்றமாக்கப்பட்ட ஒரு செயல், பல மாதங்களுக்கு முன் அதனைச் செய்தவனுக்கும் குற்றமாகிவிடக்கூடும். 1793இல் இயற்றப்பட்ட தனிச் சட்டம் இப்புனைவை நீக்கி, அரச ஒப்புதல் கிடைத்த நாளையே தொடக்க நாளாக்கியது.

சட்டம் காலத்தை முன்பின் தள்ளவல்லது என்பதையும், அதனால் விளையும் அநீதியை அதுவே அறிந்திருந்தது என்பதையும் இவ்விரு நிகழ்வுகள் காட்டுகின்றன. இங்குப் பேசப்பட்டவை நாட்களும் மாதங்களும். நிமிடங்களைப் பற்றிச் சட்டம் கவலைகொள்ள ஆலைகள் பெருக வேண்டியிருந்தது.

3. ஆலைக் கடிகாரமும் நிமிடத் திருட்டும்

தொடக்ககால நூற்பாலைகள் சிலவற்றில் இரு முகப்புகள் கொண்ட கடிகாரங்கள் இருந்தன. ஒன்று வழக்கமான நேரத்தைக் காட்டியது. மற்றொன்று நீர்ச்சக்கரத்தோடு அல்லது ஆலையின் இயக்கத்தண்டோடு இணைக்கப்பட்டிருந்தது. ஆற்றில் நீர் குறைந்து சக்கரம் மெதுவாகச் சுழன்றால் இரண்டாவது முகப்பும் பின்தங்கியது. அது வேலை முடியும் நேரத்தைக் காட்டும்வரை தொழிலாளர் நின்று உழைக்க வேண்டும். இயற்கையால் நேர்ந்த இழப்பு தொழிலாளரின் மாலைப் பொழுதிலிருந்து ஈடுசெய்யப்பட்டது.

வெளிப்படையான இந்த ஏற்பாட்டினும் கடுமையானது மறைவான திரிபு. டண்டி நகர ஆலைச் சிறுவன் ஒருவனின் வாழ்க்கை வரலாறாக 1850இல் வெளிவந்த நூல், காலையில் கடிகாரம் முன்னே தள்ளப்பட்டதையும் இரவில் பின்னே இழுக்கப்பட்டதையும், தொழிலாளர் கைக்கடிகை வைத்திருக்க அஞ்சியதையும் பதிவுசெய்கிறது. நேரம் அறிந்த தொழிலாளி ஆபத்தானவனாகக் கருதப்பட்டான். சான்று சொல்லும் கருவி ஒருதரப்பின் கையில் மட்டுமே இருந்ததால், திருட்டு நடந்தது என்று மெய்ப்பிக்கவும் வழியில்லாமற் போயிற்று.

இழப்பின் அளவை எளிய கணக்கால் உணரலாம். நாள்தோறும் 5 நிமிடம் கூடுதலாக வேலை வாங்கப்பட்டால், 300 வேலை நாட்களில் அது 1500 நிமிடம், அதாவது 25 மணி. பத்து மணி நேர வேலைநாளாக எண்ணினால் ஆண்டுக்கு இரண்டரை நாள் கூலியில்லா உழைப்பு. ஆயிரம் பேர் பணிபுரியும் ஆலையில் இது 2500 ஆள்நாட்கள். தொழிற்சாலை ஆய்வாளர்களின் அறிக்கைகள் இத்தகைய கணக்குகளைத் தொடர்ந்து முன்வைத்தன. ‘மூலதனம்’ நூலின் வேலைநாள் பற்றிய இயலில் மார்க்ஸ் அவ்வறிக்கைகளை விரிவாகப் பயன்படுத்தினார்.

இதற்கு 1844ஆம் ஆண்டுத் தொழிற்சாலைச் சட்டம் அளித்த விடை, பின்னாளைய சட்டங்கள் பலவற்றினும் கூர்மையானது. வேலை நேரம் ஒரு பொதுக் கடிகாரத்தைக் கொண்டு, அல்லது பொதுமக்கள் பார்வைக்குத் திறந்ததும் ஆய்வாளரின் எழுத்து ஒப்புதல் பெற்றதுமான வேறொரு கடிகாரத்தைக் கொண்டு அளக்கப்பட வேண்டும் என்று அது கூறியது. ‘சரியான நேரம்’ எது என்று அச்சட்டம் வரையறுக்கவில்லை. கடிகாரம் எவர் கண்ணுக்கும் தெரிய வேண்டும் என்பதையே வலியுறுத்தியது. தேவாலயக் கோபுரக் கடிகாரம் ஐந்து நிமிடம் பிழையாக இருக்கலாம். ஆனால் அப்பிழை முதலாளிக்கும் தொழிலாளிக்கும் பொதுவானது. ஒருவர் பொருட்டு அதை இரவோடிரவாகத் திருத்த இயலாது.

4. ரைடர் எதிர் மில்ஸ் (1850)

கடிகாரத்தைத் தொடாமலே நேரத்தைத் திரிக்கும் வழியும் இருந்தது. இளையோருக்கும் பெண்களுக்கும் நாளொன்றுக்கு 10 மணி நேரமே வேலை என்று 1847ஆம் ஆண்டுச் சட்டம் வரையறுத்தது. ஆனால் அந்தப் பத்து மணி நேரம் காலை 5.30 முதல் இரவு 8.30 வரையிலான 15 மணி நேர இடைவெளிக்குள் எப்பகுதியிலும் அமையலாம் என முதலாளிகள் பொருள்கொண்டனர். தொழிலாளர் சிறு குழுக்களாகப் பிரிக்கப்பட்டு, வெவ்வேறு வேளைகளில் வெளியே அனுப்பப்பட்டு மீண்டும் உள்ளே அழைக்கப்பட்டனர். ரிலே முறை எனப்பட்ட இவ்வேற்பாட்டில் ஒருவர் எத்தனை மணி நேரம் உழைத்தார் என்பதை ஆய்வாளரால் கண்டறிய முடியவில்லை. தொழிலாளரின் நாளோ காலையிலிருந்து இரவுவரை ஆலையைச் சுற்றியே கழிந்தது.

லங்காஷயர் வட்டார ஆய்வாளர் லெனார்டு ஹார்னர் உள்ளிட்டோர் இம்முறைக்கு எதிராக வழக்குத் தொடுத்தனர். வழக்கை முதலில் விசாரித்த உள்ளூர் நடுவர்களுள் ஆலை உரிமையாளர்களும் இருந்தனர். உள்துறைச் செயலர் சர் ஜார்ஜ் கிரே 1848இல் அனுப்பிய சுற்றறிக்கை, இத்தகைய வழக்குகளைத் தொடுக்க வேண்டாம் என ஆய்வாளர்களுக்கு அறிவுறுத்தியது. முடிவில் 1850 பிப்ரவரியில் எக்ஸ்செக்கர் நீதிமன்றம் ரைடர் எதிர் மில்ஸ் வழக்கில் முதலாளிக்குச் சார்பாகத் தீர்ப்பளித்தது. சட்டம் இயற்றியோரின் கருத்து வேலை தொடர்ச்சியாக அமைய வேண்டும் என்பதாக இருந்திருக்கலாம். எனினும் அதைத் தெளிவாகச் சொல்லும் சொற்கள் சட்டத்தில் இல்லை. தண்டனை விதிக்கும் சட்டத்தைக் கருத்தை ஊகித்து விரிக்க இயலாது என்பது தீர்ப்பின் சாரம்.

இத்தீர்ப்பு தொழிலாளர் இயக்கத்தில் பெருங்கொதிப்பை எழுப்பியது. சில மாதங்களில் நாடாளுமன்றம் புதிய சட்டம் இயற்றியது. காலை 6 முதல் மாலை 6 வரை, அல்லது 7 முதல் 7 வரை. இடையே ஒன்றரை மணி நேரம் உணவு இடைவேளை. சனிக்கிழமை பிற்பகல் 2 மணிக்கு வேலை நிறுத்தம். பத்து மணி நேரம் பத்தரை மணியாக நீண்டது தொழிலாளருக்கு இழப்பே. ஆயினும் ‘எத்தனை மணி நேரம்’ என்ற அளவுக்குப் பதிலாக ‘எந்த மணியிலிருந்து எந்த மணிவரை’ என்ற எல்லை சட்டத்தில் இடம்பெற்றது. மாலை 6 மணிக்குமேல் பெண்ணோ இளையோரோ இயந்திரத்தருகே நின்றால் அதுவே குற்றத்திற்குச் சான்று. முதலாளியின் பதிவேட்டை நம்பவேண்டிய தேவை பெரிதும் குறைந்தது.

5. கர்ட்டிஸ் எதிர் மார்ச் (1858)

மணி எல்லை சட்டமானபின் அடுத்த வினா தவிர்க்க முடியாதது: எந்த ஊரின் மணி? பூமியின் சுழற்சியால் ஒரு பாகைத் தீர்க்கரேகைக்கு 4 நிமிடம் நேரம் வேறுபடும். கிரேட் வெஸ்டர்ன் இருப்புப்பாதை 1840இல் தன் நிலையங்களில் இலண்டன் நேரத்தைப் புகுத்தியது. பிற நிறுவனங்களும் பின்பற்றின. 1850களின் நடுவில் பிரித்தானியாவின் பெரும்பாலான பொதுக் கடிகாரங்கள் கிரீன்விச் நேரத்தைக் காட்டின. இம்மாற்றத்திற்குச் சட்ட அடிப்படை எதுவும் இல்லை; வழக்கம் மட்டுமே இருந்தது.

டார்செட் மாவட்டத்தின் டார்செஸ்டர் நகரம் கிரீன்விச்சுக்கு மேற்கே ஏறத்தாழ இரண்டரைப் பாகையில் உள்ளது. அதன் ஊர் நேரம் சுமார் 10 நிமிடம் பின்தங்கியது. 1858இல் அங்குக் கூடிய சுற்று அமர்வு நீதிமன்றத்தில் நீதிபதி, மன்றக் கடிகாரம் காட்டிய கிரீன்விச் நேரப்படி 10 மணிக்கு அமர்ந்தார். வழக்கு அழைக்கப்பட்டது. பிரதிவாதி தரப்பில் எவரும் இல்லாமையால் வாதிக்குச் சார்பாக முடிவு கூறப்பட்டது. ஊர் நேரப்படி 10 மணி ஆவதற்குள்ளாகவே தன் வழக்கு முடிக்கப்பட்டுவிட்டது என்று முறையிட்ட பிரதிவாதி, மறுவிசாரணை கோரி எக்ஸ்செக்கர் நீதிமன்றத்தை அணுகினார்.

மறுவிசாரணை வழங்கப்பட்டது. 10 மணி என்று அறிவிக்கப்பட்டால், அவ்விடத்தின் 10 மணியையே மக்கள் அதற்குப் பொருளாகக் கொள்வர். கிரீன்விச் நேரத்தைக் கடிகாரத்தில் அமைப்பதால் மட்டும் சட்டத்தின் நேரம் மாறிவிடாது. மாற்ற வேண்டுமாயின் நாடாளுமன்றமே மாற்ற வேண்டும் என்ற அடிப்படையில் அம்முடிவு அமைந்தது.

எட்டாண்டுகளுக்கு முன் இதே மன்றம் அளித்த தீர்ப்போடு இதை ஒப்பிடுவது பயன்தரும். இரண்டிலும் நீதிபதிகள் பின்பற்றிய நெறி ஒன்றே: சட்டத்தின் சொல் சொல்லாததை மன்றம் சேர்க்காது. விளைவுகளோ எதிரெதிரானவை. 1850இல் இந்நெறி நேரத்தைக் கூறுபோட்ட முதலாளியைக் காத்தது; 1858இல் தன் ஊர்க் கடிகாரத்தை நம்பிவந்த சாதாரண மனிதரைக் காத்தது. காரணம், இரண்டாவது வழக்கில் ஊர் நேரம் என்னும் பொதுவழக்கு மன்றத்திற்கு வெளியே, எவரும் பார்க்கத்தக்க வானத்தில் நின்றது. முதலாவது வழக்கில் தொழிலாளருக்கு அத்தகைய பொதுச் சான்று எதுவும் கிட்டவில்லை.

6. 1880ஆம் ஆண்டுச் சட்டமும் அதன் எல்லையும்

1858ஆம் ஆண்டுத் தீர்ப்பு நாட்டை விந்தையான நிலையில் நிறுத்தியது. மக்கள் ஒரு நேரத்தில் வாழ்ந்தனர். சட்டம் வேறொரு நேரத்தில் இயங்கியது. 1880இல் இலண்டன் ‘டைம்ஸ்’ நாளிதழுக்கு எழுதிய நடுவர் மன்ற எழுத்தர் ஒருவர், கிரீன்விச் நேரம் எங்கும் வழங்கினாலும் அது சட்ட நேரமன்று என்பதைச் சுட்டி, வாக்குச்சாவடிகள் 8 மணிக்குப் பதில் 8.13க்குத் திறக்கப்பட்ட நிலையை எடுத்துக்காட்டினார். அவ்வாண்டு ஆகஸ்டில் நேர வரையறைச் சட்டம் நிறைவேறியது. சட்டத்திலோ பத்திரத்திலோ நேரம் குறிக்கப்பட்டால் அது பிரித்தானியாவில் கிரீன்விச் நேரம், அயர்லாந்தில் 25 நிமிடம் பின்தங்கிய டப்ளின் நேரம் என்றாயிற்று. அயர்லாந்தின் தனி நேரம் 1916வரை நீடித்தது.

இவ்வரையறை கடிகார மணிக்கே பொருந்தியது. வண்டிகளில் விளக்கேற்ற வேண்டிய வேளை பற்றிய கார்டன் எதிர் கேன் (1899) வழக்கில், ‘சூரிய மறைவு’ என்பது அந்தந்த இடத்தில் சூரியன் மறைவதையே குறிக்கும் எனத் தீர்க்கப்பட்டது. கிரீன்விச்சில் இருட்டுவது வேறோர் ஊரின் சாலையில் செல்பவனுக்கு ஒளி தராது.

அமெரிக்காவில் இதே சிக்கல் காப்பீட்டு வழக்குகளாக வெடித்தது. கென்டக்கி மாநிலத்தின் லூயிவில் நகரில், நண்பகலில் காலாவதியாகும் காப்பீடு பெற்ற கட்டடம் ஒன்றில் 1902இல் தீப்பற்றியது. சீர்நேரப்படி அப்போது காலை 11.45, சூரிய நேரப்படி நண்பகல் கடந்து ஓரிரு நிமிடம் ஆகியிருந்தது. பதினேழரை நிமிட வேறுபாட்டில் இழப்பீடு முழுவதும் தங்கியிருந்தது. 1905இல் அம்மாநில நீதிமன்றம், நகர மக்களின் அன்றாட வழக்கு சீர்நேரமே என்ற சான்றை ஏற்று, காப்பீட்டு நிறுவனம் பொறுப்பேற்க வேண்டும் எனக் கூறியது. டார்செஸ்டரில் சூரியனுக்குத் துணைநின்ற பொதுவழக்கு என்னும் வாதம் இங்கே கடிகாரத்திற்குத் துணைநின்றது. மக்கள் எதை நம்பி நடந்தனர் என்பதே இரு மன்றங்களுக்கும் அளவுகோலாயிற்று.

7. பம்பாய்: மன்றத்தை எட்டாத வழக்கு

ஆங்கிலச் சட்ட மரபு வேரூன்றிய இந்தியாவில் இப்பூசல் வேறு வடிவம் எடுத்தது. கிழக்கிந்தியக் கம்பெனி 1792இல் சென்னை நுங்கம்பாக்கத்தில் கட்டிய வானாய்வகத்தின் கருங்கல் தூணில், தமிழ் உள்ளிட்ட பல மொழிகளில் கல்வெட்டு பொறிக்கப்பட்டது. கிரீன்விச்சைவிட ஏறத்தாழ 5 மணி 21 நிமிடம் முந்திய மதராஸ் நேரம் அங்குக் கணிக்கப்பட்டது. கல்கத்தாவுக்கும் பம்பாய்க்கும் இடைப்பட்டதாக அமைந்தமையால், 1870 அளவில் அது இந்திய இருப்புப்பாதைகளின் பொது நேரமாயிற்று. 1881இல் பம்பாய் ஆளுநர் ஜேம்ஸ் பெர்குசன் அரசு அலுவலகங்களில் மதராஸ் நேரத்தைப் புகுத்தினார். அரை மணி நேர மாற்றம் கடும் எதிர்ப்பைச் சந்தித்து 1883இல் கைவிடப்பட்டது.

1906 ஜனவரி 1 முதல் கிரீன்விச்சைவிட ஐந்தரை மணி நேரம் முந்திய இந்தியச் சீர்நேரம் நடைமுறைக்கு வந்தது. சென்னைக்கு இது சுமார் 9 நிமிட மாற்றம்; பம்பாய்க்கு 39 நிமிடம். காலை 5.30க்குத் திறக்கும் பம்பாய் ஆலை புதிய கடிகாரப்படி அதே மணிக்குத் திறந்தால், பழைய கணக்கில் அது 4.51. மின்விளக்கு வந்தபின் நாளொன்றுக்கு 14 மணி நேரத்திற்கும் மேலாக வேலை வாங்கப்பட்டதை எதிர்த்து 1905இல் ஏற்கெனவே போராடியிருந்த பஞ்சாலைத் தொழிலாளர், 1906 ஜனவரி தொடக்கத்தில் புதிய நேரத்தில் வேலைசெய்ய மறுத்தனர்; ஓர் ஆலையின்முன் கல்வீச்சும் நிகழ்ந்தது. சில மாதங்களில் நகராட்சி மன்றம் பம்பாய் நேரத்திற்கே திரும்பியது. ஜிம் மசெலோஸ், வனெசா ஓகில் ஆகியோர் இப்பூசலைக் குடியேற்ற ஆட்சிக்கு எதிரான நகர அடையாளத்தின் வெளிப்பாடாக ஆராய்ந்துள்ளனர்.

அடையாளம் என்னும் விளக்கத்தோடு சட்ட நிலையையும் சேர்த்துப் பார்க்க வேண்டியுள்ளது. 1881ஆம் ஆண்டு இந்தியத் தொழிற்சாலைச் சட்டம் சிறுவருக்கும், 1891ஆம் ஆண்டுச் சட்டம் பெண்களுக்கும் மட்டுமே நாளின் வேலை நேரத்தை வரையறுத்தன. வயதுவந்த ஆண் பஞ்சாலைத் தொழிலாளிக்கு 12 மணி நேர உச்சவரம்பு வந்தது 1911ஆம் ஆண்டுச் சட்டத்தால்தான். ஆகவே 1906இல் அத்தொழிலாளியின் நாளுக்குச் சட்டத்தில் தொடக்கமும் முடிவும் இல்லை. எல்லையே வகுக்கப்படாத நிலத்தில் அத்துமீறல் வழக்குத் தொடுக்க இயலாது. லங்காஷயரில் ஆய்வாளரும் நீதிபதியும் வாதிட்ட பொருளைப் பம்பாயில் தொழிலாளர் தெருவில் வாதிட நேர்ந்ததற்கு இதுவே முதன்மைக் காரணம் எனலாம்.

கல்கத்தா தன் ஊர் நேரத்தை 1948வரையிலும் பம்பாய் 1955வரையிலும் பேணின. இப்பன்மையை விடுதலைக்குப் பிந்திய சட்டமும் ஒப்புக்கொண்டது. 1948ஆம் ஆண்டுத் தொழிற்சாலைச் சட்டத்தின் 3ஆம் பிரிவு, நாளின் நேரம் என்பது இந்தியச் சீர்நேரத்தைக் குறிக்கும் என்று கூறி, அந்நேரம் வழக்கமாகப் பின்பற்றப்படாத பகுதிகளில் ஊர் நேரத்தை வரையறுத்துத் தொழிற்சாலைகளில் அனுமதிக்க மாநில அரசுக்கு விதி இயற்றும் அதிகாரம் அளித்தது. அசாமின் தேயிலைத் தோட்டங்களில் ஒரு மணி நேரம் முந்திய ‘பாகான் நேரம்’ இன்றும் வழங்குகிறது. டார்செஸ்டரில் எழுந்த வினா இந்தியச் சட்ட ஏட்டில் ஒரு காப்புரையாக இடம்பெற்றது.

8. முடிவுரை

ஆய்ந்த வழக்குகளிலிருந்து மூன்று கருத்துகள் பெறப்படுகின்றன. ஒன்று, நீதிமன்றங்கள் நேரத்தைப் பற்றிய உண்மையை அறிய முற்படவில்லை. மக்கள் நம்பி நடந்த பொது அளவையும் சட்டத்தின் சொல்லையும் கொண்டே தீர்ப்பளித்தன. இரண்டு, பொது அளவு கிடைத்த இடத்தில் எளியோர் வழக்கில் வென்றனர். அளவுகோல் ஒருதரப்பின் கைக்குள் இருந்த இடத்தில் தோற்றனர். மூன்று, சட்டம் நேரத்திற்கு எல்லை வகுக்காத இடத்தில் வழக்கே எழ முடியவில்லை. பம்பாய்த் தொழிலாளரின் 39 நிமிடங்கள் எந்தத் தீர்ப்புத் தொகுப்பிலும் இடம்பெறாமைக்கு இது விளக்கமாகிறது.

இம்மூன்றாவது கருத்து ஆய்வு முறைக்கும் எச்சரிக்கை தருகிறது. தீர்ப்புகளை மட்டும் கொண்டு நேர வரலாற்றை எழுதினால், வழக்குத் தொடுக்கும் தகுதி பெற்றோரின் நேரமே வரலாறாகிவிடும். ஆலை வருகைப் பதிவேடுகள், நகராட்சி மன்ற நடவடிக்கைக் குறிப்புகள், வேலைநிறுத்தச் செய்திகள் ஆகியவற்றைத் தீர்ப்புகளோடு சேர்த்து வாசிப்பது தேவையாகிறது. வருகை நேரம் இன்று விரல்ரேகைப் பொறியிலும் நிறுவனத்தின் கணினியிலும் பதிவாகிறது. அப்பதிவைத் தொழிலாளியும் பார்க்க முடிகிறதா என்று கேட்டால், 1844ஆம் ஆண்டுச் சட்டம் கேட்டதையே நாமும் கேட்கிறோம்.